கதையைக் கழுவிய பின் மிஞ்சிய 2,310 பிரேம்கள்

பழைய திரையரங்கப் பிலிம் சுருள்களை எடுத்து, அவற்றில் இருந்த காட்சிகளைக் கழுவி நீக்கிவிட்டு, படம்பிடிக்காமலேயே, ஊசியாலும் மையாலும் ஈசல் இறகாலும் பிரேம் பிரேமாகச் (சுருளில் அடுத்தடுத்து இருக்கும் ஒவ்வொரு தனிப்படமும் ஒரு பிரேம்) செய்துகொண்டிருந்த ஒன்றரை நிமிடக் குறும்படம் ஒருவழியாக முடிந்திருக்கிறது. படத்தில் கதை இல்லை, மாந்தர் இல்லை, முன் பின் என்ற காலவரிசையும் இல்லை. நான்கு பகுதிகளை எந்த வரிசையில் மாற்றிப் போட்டாலும் அது அதே படமாக நிற்க வேண்டும் என்பதுதான் வேலையைத் தொடங்கும்போது வைத்துக்கொண்ட நிபந்தனை. அதை நிறைவேற்ற என்னென்ன கருவிகள் தேவைப்பட்டன, எவ்வளவு செலவாயிற்று, எங்கெங்கே பொருள் சொன்னபடி கேட்கவில்லை என்பதை, இதே வேலையில் இறங்க நினைப்பவர்களுக்குப் பயன்படும் என்ற எண்ணத்தில், செய்த வரிசையிலேயே எழுதுகிறேன்.

கதையை எடுத்துவிட்டால் அந்த இடத்தில் வேறொரு கணக்கு வந்து உட்கார வேண்டும். இல்லையென்றால் பார்ப்பவர் இருபதாவது வினாடியிலேயே கைப்பேசியை எடுத்துவிடுவார். ஆஸ்திரியாவைச் சேர்ந்த பீட்டர் குபெல்காவின் 'அடெபார்' (1957) படத்தில் ஒவ்வொரு துண்டும் 13, 26, 52 என்ற மூன்று பிரேம் அளவுகளில் ஒன்றாகவே இருக்கும். அவருடைய 'அர்நுல்ஃப் ரைனர்' (1960) படத்தில் காட்சியே கிடையாது. வெள்ளை, கறுப்பு, இரைச்சல், மௌனம் ஆகிய நான்கை மட்டும் வைத்துக்கொண்டு, 576 பிரேம்கள் கொண்ட 16 பகுதிகளாக மொத்தம் 9,216 பிரேம்களை அவர் அடுக்கியிருக்கிறார். இந்த எண்களைப் படித்தபோது எனக்கு நினைவுக்கு வந்தது, வீட்டில் மிருதங்கம் பயிலும் அக்கா மகள் விரல்விட்டுப் போடும் கணக்குகள்தான். பிலிம் வினாடிக்கு 24 பிரேம் ஓடுகிறது. தாளத்தின் ஓர் அடியான அட்சரத்துக்கு ஒரு வினாடி என்று வைத்தால் ஆதி தாளத்தின் எட்டு அட்சரங்கள் 192 பிரேம்கள் ஆகின்றன. தாளத்தின் ஒரு முழுச் சுற்று ஓர் ஆவர்த்தனம், மூன்று ஆவர்த்தனம் 576 பிரேம்கள். ஆக, குபெல்காவின் ஒரு பகுதி நம் கணக்கில் சரியாக மூன்று ஆவர்த்தனம். கதைக்குப் பதிலாக எது என்ற கேள்விக்கு அந்த இடத்திலேயே விடை கிடைத்துவிட்டதால், மேற்கொண்டு கோட்பாடு எதையும் படிக்காமல் வரைபடத் தாளை எடுத்துக்கொண்டேன்.

நான்கு பகுதிகள், ஒவ்வொன்றும் 576 பிரேம், மொத்தம் 2,304 பிரேம், 96 வினாடி. 35 மி.மீ. பிலிமில் ஓர் அடிக்கு 16 பிரேம் என்பதால் 144 அடி போதும். நடை என்பது ஓர் அட்சரத்தை மாத்திரை என்ற சம பங்குகளாகப் பிரிக்கும் முறை. சதுஸ்ர நடையில் ஓர் அட்சரத்துக்கு நான்கு மாத்திரை, ஆகவே மாத்திரைக்கு 6 பிரேம். திஸ்ரத்தில் மூன்று மாத்திரை, ஆகவே 8 பிரேம். கண்ட நடைக்கு ஐந்து மாத்திரை, 24 ஐந்தால் வகுபடாது, அதை ஒதுக்கிவைத்தேன். வேலை எளிதாக இருக்க பிலிமை 48 பிரேம் துண்டுகளாக, அதாவது இரண்டு அட்சரத் துண்டுகளாக, வெட்டிக்கொள்வது என்று முடிவு செய்தேன். ஒரு பிரேமின் உயரம், நான்கு பக்கத்துளைகளின் இடைவெளியான 19 மி.மீ. என்பதால், ஒரு துண்டின் நீளம் 912 மி.மீ. வரும், சாதாரண எழுத்து மேசையில் குறுக்கே கிடத்தலாம். மொத்தம் 48 துண்டுகள், பகுதிக்குப் பன்னிரண்டு.

பிலிம் கிடைப்பது நான் நினைத்ததைவிட எளிதாக இருந்தது. திரையரங்குகள் டிஜிட்டலுக்கு மாறிய பிறகு பெட்டி பெட்டியாகப் பிரிண்டுகள் எடைக்குப் போய்விட்டன என்றாலும், டிரெய்லர், விளம்பரப் படம், ரீலின் தலையிலும் வாலிலும் வரும் லீடர் ஆகிய உதிரிகள் மதுரையில் பழைய இரும்புக் கடைகளில் இன்னும் மூட்டையாகக் கிடக்கின்றன. கிலோ 150 ரூபாய் வீதம் மூன்று கிலோ வாங்கினேன். ஏறத்தாழ 1,200 அடி இருந்தது. எதை எடுப்பது, எதை விடுவது என்று சொல்லிக்கொடுத்தவர் ஓய்வுபெற்ற திரையரங்க ஆபரேட்டர் ஒருவர். "கிழிச்சுப் பாருங்க தம்பி. கிழிஞ்சா பழைய பிலிம், கையை வெட்டுச்சுன்னா புதுசு" என்றார். பழையது அசிட்டேட், புதியது பாலியெஸ்டர். அசிட்டேட் நாளாக ஆகச் சுருங்கும், புளித்த காடி வாடையும் அடிக்கும். பாலியெஸ்டர் அப்படியே இருக்கும். எமல்ஷன் (படம் பதிந்திருக்கும் பூச்சு) பக்கம் எது என்று அறிய, ஈர உதட்டில் பிலிமின் ஓரத்தை வைத்தால் ஒட்டிக்கொள்ளும் பக்கம் எமல்ஷன் என்பதும் அவர் சொன்னதுதான். "லீடரைத் தூக்கிப் போட்டுடாதீங்க, நல்ல கறுப்பு வேணும்னா அதுலதான் கெடைக்கும்" என்றும் சொன்னார். அதன் அருமை பின்னால்தான் தெரிந்தது.

இந்த இடத்தில் இரண்டு எச்சரிக்கைகள். 1950களின் தொடக்கத்துக்கு முந்தைய சுருள் கிடைத்தால் அது நைட்ரேட்டாக இருக்கக்கூடும். தீப்பிடித்தால் அணைக்க முடியாத பொருள் அது, வீட்டுக்குள் கொண்டுவரவே கூடாது. இரண்டாவது, தென்னிந்திய மௌனப் படங்களில் மிகப் பெரும்பாலானவை ஒரு பிரதிகூட மிஞ்சாமல் அழிந்துபோன ஊர் நம்முடையது. கையில் கிடைத்த துண்டு எந்தப் படம் என்று தெரியாமல் வாளிக்குள் போடுவது சரியில்லை. என் மூட்டையில் கறுப்பு வெள்ளைப் பாடல் காட்சி ஒன்று இருந்தது. அதைத் தனியே சுற்றி வைத்துவிட்டு, பல பிரதிகள் ஓடியிருக்கக்கூடிய வண்ண விளம்பரப் படங்களையும் டிரெய்லர்களையும் மட்டுமே பயன்படுத்தினேன்.

கழுவுவதற்கு முதலில் பயன்படுத்தியது பிளீச்சிங் பவுடர். மலிவு என்பதைத் தவிர அதில் நன்மை எதுவும் இல்லை. எமல்ஷன் உரிந்து வந்தாலும், எங்கள் ஊர் உப்புத் தண்ணீரும் அதிலுள்ள சுண்ணாம்பும் சேர்ந்து பிலிம் முழுவதும் வெள்ளைப் படலமாகக் காய்ந்து நின்றன. துடைத்தால் கோடு விழுகிறது. திரவ பிளீச்சுக்கு மாறியபின் அந்தத் தொல்லை இல்லை. ஒரு பங்கு பிளீச்சுக்கு நான்கு பங்கு தண்ணீர், அகலமான பிளாஸ்டிக் தட்டு, ரப்பர் கையுறை, மொட்டைமாடி. சில நிமிடங்களிலேயே வண்ணங்கள் கலங்கிக் கரைய ஆரம்பிக்கும். மென்மையான பஞ்சால் ஒருமுறை நீவினால் தெளிந்த பிலிம் கையில் வரும். பிறகு கேன் தண்ணீரில் இரண்டு முறை அலசித் துணி கிளிப்பில் தொங்கவிட வேண்டும். வெள்ளைப் படலத்தைப் போக்கலாமே என்று வினிகரையோ கழிவறை அமிலத்தையோ பிளீச் தட்டில் ஊற்றிவிடக் கூடாது. குளோரின் வாயு கிளம்பும்.

முழுவதும் கழுவிய பிலிமில் வண்ணம் ஏற்றுவது பெரும்பாடு. பாலியெஸ்டரின்மேல் தண்ணீர் மை நிற்காது, முத்து முத்தாகத் திரண்டு விலகிவிடும். கண்ணாடிப் பெயிண்ட் நிற்கும், ஆனால் ஈரப்பதமான காற்றில் நாள்கணக்கில் பிசுபிசுத்துக்கொண்டே இருந்து தூசியை எல்லாம் வாங்கிக்கொள்ளும். ஓ.எச்.பி. பேனாவும் பர்மனென்ட் மார்க்கரும் உடனே காயும், ஆனால் கோடு கோடாக விழும். தீர்வு எதிர்த்திசையில் கிடைத்தது: பாதி கழுவியதும் தட்டிலிருந்து எடுத்துவிட வேண்டும். எமல்ஷன் என்பது வண்ணங்களைத் தாங்கிய ஜெலட்டின்தான். வண்ணம் வெளுத்து, ஜெலட்டினில் ஒரு மெல்லிய படலம் மட்டும் மிஞ்சியிருக்கும் நிலையில் பிலிமைத் தண்ணீருக்கு மாற்றினால், அந்தப் படலம் கடையில் விற்கும் கேசரி பவுடரைக்கூட ஆசையோடு உறிஞ்சிக்கொள்கிறது. ஆரஞ்சு, எலுமிச்சை மஞ்சள், பச்சை ஆகிய மூன்று உணவு வண்ணங்களை நீரில் கரைத்து, தூரிகையால் இரண்டு சொட்டு வைத்தால், மை பரவி நிற்கும் எல்லையில் ஒவ்வொரு பிரேமிலும் வெவ்வேறு கரை உருவாகும். ஓட்டும்போது அந்தக் கரைகள்தான் திரையில் கொதிக்கின்றன. எந்த மார்க்கராலும் அதைச் செய்ய முடியவில்லை.

ஊசி வேலை இதைவிடச் சுவையானது. வண்ணப் பிரிண்டில் சாயங்கள் மூன்று அடுக்காக இருக்கின்றன: மேலே மெஜந்தா (ஊதா கலந்த சிவப்பு), நடுவில் சயான் (பச்சை கலந்த நீலம்), பிலிமின் தளத்தை ஒட்டி மஞ்சள். இருண்ட காட்சி உள்ள துண்டை எடுத்து, எமல்ஷன் பக்கத்தில் கவராயத்தின் முனையால் மெல்லக் கீறினால் மெஜந்தா மட்டும் போய், மிஞ்சிய சயானும் மஞ்சளும் சேர்ந்து பச்சைக் கோடாகத் தெரிகிறது. சற்று அழுத்தினால் சயானும் போய் மஞ்சள். இன்னும் அழுத்தினால் வெள்ளை. ஆகவே வண்ணத்தைத் தேர்ந்தெடுப்பது முழுக்க விரலின் அழுத்தத்தில் இருக்கிறது. பச்சைக்குத் தையல் ஊசியைவிடத் தேய்ந்து உருண்ட முனை நல்லது, மஞ்சளுக்குக் கவராய முனை, வெள்ளைக்கு ரேஸர் பிளேடின் மூலை. உப்புத்தாளால் ஒரு தேய்ப்புத் தேய்த்தால் மூன்று வண்ணமும் பொடிப் பொடியாகக் கிடைக்கும். தளத்தின் பக்கம் கீறினால் மட்டும் ஒளி சிதறிக் கோடு கறுப்பாக விழும். சில இடங்களில் அதையும் வேண்டுமென்றே செய்தேன். 1980களுக்கு முந்தைய பிரிண்டுகளில் சயான் வெளுத்துப் படமே சிவந்துபோயிருக்கும் என்பதால் அவற்றில் பச்சை கிடைக்காது. கீறும் வேலைக்குப் பிந்தைய காலத்து டிரெய்லர்களே ஏற்றவை.

அடியில் 19 மி.மீ. இடைவெளியில் கோடு போட்ட தாள், அதற்கடியில் ஓவியர்கள் பயன்படுத்தும் ஏ4 எல்.இ.டி. டிரேசிங் பலகை, தாளின்மேல் பிலிம்: இதுதான் வேலை மேசை. இதில் பழக வேண்டிய ஒன்று உண்டு. பிரேம் பிரேமாகக் கட்டம் கட்டி வரைய வேண்டும் என்று தோன்றும். ஆனால் துண்டின் நீளவாக்கில் கையை எடுக்காமல் ஒரே கோடு இழுத்தால், ஓட்டத்தில் அது இடமும் வலமும் ஆடும் உயிருள்ள கோடாகிறது. லண்டனில் பிரிட்டிஷ் தபால் துறையின் படப்பிரிவுக்காக லென் லை 1935இல் பிலிமின்மேல் நேரடியாக வண்ணம் தீட்டிச் செய்த 'எ கலர் பாக்ஸ்' படத்தில் ஆடும் கோடுகளை மெதுவாக ஓட்டிப் பார்த்தபோதுதான் இது விளங்கியது. கட்டத்துக்குள் வரைந்தவற்றைப் பெரும்பாலும் நீக்கிவிட்டேன்.

மூன்றாம் பகுதிக்கு ஒட்டு வேலை. அமெரிக்கப் பரிசோதனைப் படக்காரர் ஸ்டான் பிராக்கேஜ் 1963இல் 'மாத்லைட்' படத்துக்கு அந்துப்பூச்சி இறகுகளையும் இலைகளையும் பிலிம் ஒட்டும் டேப்புக்கு நடுவே வைத்து அழுத்தியிருந்தார். நம்மூரில் மழை விட்ட மறுநாள் காலை டியூப்லைட்டுக்குக் கீழே கூட்டிப் பெருக்கினால் ஒரு கிண்ணம் ஈசல் இறகு கிடைக்கும். பூச்சியைக் கொல்ல வேண்டியதில்லை, அதுவே உதிர்த்துவிட்டுப் போய்விடுகிறது. படம் தெரியும் பரப்பு ஏறத்தாழ 22 மி.மீ. அகலமும் 16 மி.மீ. உயரமும் கொண்டது, ஈசல் இறகு அதற்குள் அளவெடுத்ததுபோல் அடங்குகிறது. தெளிந்த பிலிமின்மேல் இறகுகளை அடுக்கி, அகல செல்லோடேப்பை ஒரு முனையிலிருந்து மறுமுனைக்குப் பழைய ஏ.டி.எம். அட்டையால் தேய்த்துக்கொண்டே ஒட்டினால் காற்றுக் குமிழி வராது. வெங்காயச் சருகும், ஊறவைத்துச் சதை நீக்கிய அரசிலை நரம்பும் சேர்த்தேன். பூவிதழ் உதவாது, சில நாள்களில் பழுப்பேறி ஈரம் கோத்துவிடும். டேப்பின் தடிமனால் இந்தத் துண்டுகள் எந்த புரொஜெக்டரிலும் ஓடாது. படமெடுத்துக் கணினிக்கு ஏற்றுவது என்று முன்பே முடிவு செய்திருந்ததால்தான் இதைத் துணிந்து செய்தேன்.

கறுப்பு பிரேம்களுக்கு ஆபரேட்டர் சொன்ன லீடர் துண்டுகளே சிறந்தவை. மார்க்கரால் கறுப்படித்தால் பின்னொளியில் அது ஊதாவாகத் தெரிகிறது. லீடர் தீர்ந்தபின் எலெக்ட்ரீஷியன்கள் பயன்படுத்தும் கறுப்பு இன்சுலேஷன் டேப்பைப் பிலிமின் பின்புறம் ஒட்டினேன். துளி வெளிச்சம் ஊடுருவவில்லை.

இனி, 2,304 பிரேம்களையும் ஒரே இடத்தில் நிறுத்திப் படமெடுக்கும் வேலை. முறையான லேபில் ஸ்கேன் செய்யும் வசதி என் கைக்கு எட்டாதது. டேப் ஒட்டிய பிலிமை அவர்கள் வாங்கவும் மாட்டார்கள். நண்பரின் டி.எஸ்.எல்.ஆர். கேமராவையும் 50 மி.மீ. லென்ஸையும் இரவல் வாங்கி, 900 ரூபாய்க்கு எக்ஸ்டென்ஷன் டியூப் (லென்ஸுக்கும் கேமராவுக்கும் நடுவே மாட்டும் வெற்று வளையங்கள்) வாங்கினேன். அதன் மூன்று வளையங்களில் 36, 12 மி.மீ. ஆகிய இரண்டையும் சேர்த்தால் 48 மி.மீ. நீட்டம், 50 மி.மீ. லென்ஸுக்கு அது கிட்டத்தட்ட ஒன்றுக்கு ஒன்று என்ற உருப்பெருக்கத்தைத் தருகிறது. 22க்கு 16 மி.மீ. பிரேம், அந்தக் கேமராவின் 23.5க்கு 15.6 மி.மீ. சென்சாரில் ஓரத்தில் மயிரிழை இடம் விட்டு உட்கார்ந்துவிட்டது. மேக்ரோ லென்ஸ் தேவைப்படவில்லை. துளை எஃப் 8, ஷட்டர் 1/30 வினாடி, எல்லாம் மேனுவலில். வெளிச்ச அளவையோ வெள்ளைச் சமனையோ தானியங்கியில் விட்டால் ஓட்டும்போது படம் மூச்சு வாங்கும். டிரேசிங் பலகையின் ஒளியைக் குறைத்தால் அது கண்ணுக்குத் தெரியாமல் துடித்துப் படத்தில் பட்டை பட்டையாக விழுகிறது. முழு வெளிச்சத்திலேயே வைக்க வேண்டும்.

பிலிமைப் பிடித்து நிறுத்தும் சட்டமான 'கேட்'டை 3 மி.மீ. அக்ரிலிக் பலகை இரண்டைக் கடையில் வெட்டித் தரச் சொல்லிச் செய்தேன். ஒவ்வொரு முறையும் 19 மி.மீ. நகர்த்தினால் போதுமென்று அளவுகோலை ஒட்டி ஆரம்பித்தது அசிட்டேட் துண்டுகளில் பலிக்கவில்லை. ஒரு விழுக்காடு சுருங்கிய பிலிமில் பிரேமுக்கு 0.19 மி.மீ. வீதம் பிழை கூடிக்கொண்டே போய், துண்டின் கடைசியில் அரை பிரேம் அளவுக்கு விலகி நிற்கும். ஆகவே பக்கத்துளையிலேயே ஊசி மாட்ட வேண்டும். சைக்கிள் போக்ஸ் கம்பி 2 மி.மீ.; பிரிண்டின் பக்கத்துளை உயரம் 1.98 மி.மீ. அந்த 0.02 மி.மீ. போதும், பிலிம் ஒவ்வொரு முறையும் சிக்கிக்கொண்டு துளையின் ஓரம் பிளந்துபோக. கம்பியை டிரில்லில் மாட்டிச் சுழலவிட்டு உப்புத்தாளால் தேய்த்து 1.8 மி.மீ. ஆக்கியபின் பிலிம் வழுக்கி உட்கார்ந்தது. நான்கு துளை நகர்த்து, ஊசியில் மாட்டு, மேல்பலகையை மூடு, டைமரை அழுத்து. ஒரு துண்டுக்கு ஐந்து நிமிடம் பிடிக்கும். கேமரா பதிந்தபடியே இருக்கும் 'ரா' கோப்பாக எடுத்தால் பிரேமுக்கு 25 எம்.பி. வீதம் 57 ஜி.பி.க்கு மேல் போகும். என் கணினிக்கு அது சுமை என்பதால் உயர்தர ஜே.பெக்கிலேயே நிறுத்திக்கொண்டேன், கீறல்களின் வெள்ளையில் சற்று நுணுக்கம் போனாலும்.

தொகுப்புக்கு டாவின்சி ரிசால்வ் மென்பொருளின் இலவசப் பதிப்பு போதுமானது. உள்ளே எதையும் இழுத்துப் போடுவதற்கு முன் புராஜெக்ட்டின் வேகம் 24 என்று இருக்கிறதா என்று பார்த்துவிட வேண்டும். பின்னால் மாற்ற விடாது. 25 என்று இருந்தால் 96 வினாடிப் படம் 92.16 வினாடியில் முடிந்து, தாளம் மொத்தமும் ஓடிவிடும். மிச்சமிருக்கும் சிறு நடுக்கத்தைப் பக்கத்துளையின் மூலையைப் பின்தொடரவிட்டு நிலைப்படுத்தலாம். நான் இரண்டு பகுதிகளுக்கு மட்டும் அதைச் செய்தேன், இறகுப் பகுதியில் நடுக்கம் நன்றாகவே இருந்தது.

ஒலிக்கு மிருதங்கத்தையே பதிவு செய்து வைத்துப் பார்த்தேன். படம் உடனே தோற்றுவிட்டது: காது கணக்கைப் பிடித்துக்கொண்டதும், கண் பார்ப்பதெல்லாம் ஒலிக்குப் போட்ட விளக்கப்படமாகச் சுருங்கிவிடுகிறது. மிருதங்கத்தை எடுத்துவிட்டு, அதிர்வை மின்குறியாக மாற்றும் பதினைந்து ரூபாய் பியஸோ தகடு ஒன்றை டிரேசிங் பலகையின் அடியில் ஒட்டி, பிலிமைக் கீறும் ஓசை, டேப்பைத் தேய்க்கும் ஓசை, சருகு நொறுங்கும் ஓசை ஆகியவற்றைப் பதிவு செய்தேன். தகட்டை நேராகக் கைப்பேசியில் செருகினால் ஒலி தகரமாக இருக்கும். கிட்டார் செருகும் உள்ளீடு கொண்ட ஆடியோ இன்டர்ஃபேஸில் செருகினால் கனம் வரும். 48 கிலோஹெர்ட்ஸ் பதிவில் ஒரு பிரேமுக்கு 2,000 சாம்பிள் (ஒலியளவீடு). ஆறு பிரேம் மாத்திரைக்கு 12,000. வெட்டுவது கணக்காக அமைந்தது. மொத்த ஒலியும் படத்தில் பாதி நேரத்துக்குத்தான் உண்டு, மீதி மௌனம்.

இப்போது வரிசைக்கு வருகிறேன். முதலில் நான்காம் பகுதியின் கடைசி ஆவர்த்தனத்தில் மட்டும் ஒரு கோர்வை, அதாவது தாளத்தை முடித்துவைக்கும் கணக்கு, வைத்திருந்தேன். 32 மாத்திரையை 6, 5, 4 என்று இறங்கி, பிறகு ஐந்து ஐந்தாக மூன்று முறை, நடுவே ஒவ்வொரு மாத்திரை கார்வை (இடைவெளி) விட்டு அடைப்பது: 15 + 17 = 32. பிரேமில் இது 36, 30, 24, பின்பு 30, 6, 30, 6, 30. கடைசி மூன்றும் 'ததிகிணதொம்'. சொல்லுக்கு ஆறு பிரேம் வீதம் தகாரத்துக்குப் பச்சைக் கீறல், திகாரத்துக்கு மஞ்சள், கிகாரத்துக்கு வெள்ளை, ணகாரத்துக்கு கேசரி வண்ணம், தொம் என்பதற்கு ஈசல் இறகு. கார்வை இரண்டும் கறுப்பு. தனியே ஓட்டினால் நன்றாகவே இருந்தது. ஆனால் பகுதிகளை மாற்றிப் போட்டதும் நிபந்தனை உடைந்தது: நான்காம் பகுதி நடுவில் வந்தால் படம் நடுவிலேயே முடிந்துவிட்டதாகத் தோன்றும், கடைசியில் வரும் பகுதியோ பாதியில் நின்றதுபோல் இருக்கும். காலவரிசை வேண்டாம் என்று தொடங்கிவிட்டு, முடிவை ஒரே இடத்தில் பூட்டி வைத்தால் அதுவும் கதையின் வேலையைத்தான் செய்கிறது. ஆகவே நான்கு பகுதிகளுக்கும் மூன்றாம் ஆவர்த்தனத்தில் அதே கோர்வையை, ஐந்து சொல்லையும் அந்தந்தப் பகுதியின் பொருளைக் கொண்டே, மறுபடி செய்தேன். 36, 30 என்ற அளவுகள் 48 பிரேம் துண்டின் எல்லையைத் தாண்டும் என்பதால் வரைபடத் தாளில் துண்டு வாரியாகக் குறித்து, பக்கத்துளை ஓரத்தில் எண் எழுதாமல் இருந்தால் குழம்பிப் போயிருப்பேன். இப்போது நான்கு பகுதிகளுக்கு 24 வரிசைகள் சாத்தியம். இருபத்துநான்கும் படமாக நிற்கின்றன.

மின்னல் பற்றி ஒரு சொல். வெள்ளையும் கறுப்பும் மூன்று மூன்று பிரேமாக மாறினால் வினாடிக்கு நான்கு மின்னல். சிலருக்கு இது வலிப்பைத் தூண்டக்கூடும், வினாடிக்கு மூன்றைத் தாண்டக் கூடாது என்பது இணையத்தில் பின்பற்றப்படும் பாதுகாப்பு வரம்பு. ஆறு பிரேம் மாத்திரையில் வெள்ளையும் கறுப்பும் மாறினால் இரண்டுதான் வரும். மாத்திரையைப் பாதியாக்கும் துரித கால இடங்களை அதற்காகவே விட்டுக்கொடுத்தேன். அப்படியும் படத்துக்கு முன்னால் எச்சரிக்கை அட்டை வைத்திருக்கிறேன்.

வீட்டில் சிலரை உட்காரவைத்துக் காட்டியபோது கணக்கில் வராத ஒன்று தலைகாட்டியது. பாதி கழுவிய விளம்பரப் படத் துண்டுகளில் ஒரு பெண்ணின் கை அரைகுறையாக மிஞ்சியிருந்தது. அழகாக இருக்கிறதே என்று மூன்று பகுதிகளில் அதைச் சேர்த்திருந்தேன். பார்த்தவர்கள் எல்லோரும் அந்தக் கையைப் பற்றித்தான் பேசினார்கள். யாரோ ஒருத்தி தண்ணீரில் மூழ்குகிறாள் என்றார் ஒருவர். பழைய காதலியின் நினைவு என்றார் இன்னொருவர். மொத்தம் ஒரு வினாடிகூட வராத பிரேம்கள் மற்ற 95 வினாடியையும் விழுங்கிவிட்டன. ஒருமுறை வந்தால் அது வெறும் கறை. திரும்ப வந்தால் மனம் அதைப் பிடித்துக்கொண்டு கதை கட்டத் தொடங்கிவிடுகிறது. ஒரே இடத்தில் ஆறு பிரேம் மட்டும் விட்டுவைத்து மற்றவற்றை முழுவதும் கழுவினேன். இதை விதியாகவே எழுதிவைத்துக்கொண்டேன்: மனித உருவம் எதுவானாலும் ஒரு முறைக்கு மேல் வரக் கூடாது.

கோர்வையில் இருந்த குறையை அக்கா மகள்தான் கண்டாள். "மாமா, கோர்வை எல்லாம் சரி. ஆனா கடைசியில மட்டும் சமத்துல இறங்கவே இல்ல" என்றாள். கணக்கைப் பார்த்தால் 2,304 சரியாகவே இருந்தது. பிறகுதான் புரிந்தது: மூன்றாவது 'ததிகிணதொம்' முடிந்ததும் தாளம் விழுவது அடுத்த ஆவர்த்தனத்தின் முதல் அடியில், அதாவது சமத்தில். நடுவில் உள்ள பகுதிகளில் அடுத்த பகுதியின் முதல் பிரேம் அந்த அடியைக் கொடுத்துவிடுகிறது. கடைசிப் பகுதிக்கு அடுத்து எதுவும் இல்லை. அடி விழ வேண்டிய இடத்தில் படம் முடிந்துவிடுகிறது. ஆறு பிரேம் தெளிந்த வெள்ளையைக் கடைசியில் ஒட்டினேன். எந்த வரிசையிலும் அந்தத் துண்டு மட்டும் இடம் மாறாது. ஒவ்வொரு பகுதியின் முதல் பிரேமும் அழுத்தமாக இருக்க வேண்டும் என்பதால், ஈசல் பகுதியின் தொடக்கத்தில் இருந்த மெல்லிய சருகை எடுத்துவிட்டு நான்கு இறகுகளை ஒன்றன்மேல் ஒன்றாக வைத்து மறுபடி ஒட்டினேன். அதன் பிறகுதான் 2,310 பிரேமில் படம் நின்றது.

செலவைச் சொல்லிவிடுகிறேன். பிலிம் 450, டிரேசிங் பலகை 750, டியூப் 900, பேனாக்களும் உணவு வண்ணமும் 360, அக்ரிலிக் வெட்டுக்கூலி 200, பிளீச், டேப், கையுறை எல்லாம் சேர்த்து 300. பியஸோ தகட்டோடு மூவாயிரத்துக்குள் அடங்கியது. கேமராவும் ஆடியோ இன்டர்ஃபேஸும் இரவல். வாடகைக்கு எடுப்பதானால் படமெடுக்கும் வேலையைத் தொடர்ந்து ஒரே நாளில் முடிப்பதுபோல் 48 துண்டுகளையும் தயாராக வைத்துக்கொள்வது நல்லது.

அடுத்த முறை சிலவற்றை மாற்றுவேன். அசிட்டேட்டையும் பாலியெஸ்டரையும் கலக்க மாட்டேன். பாதி கழுவும் துண்டுகளுக்குத் தண்ணீர்த் தட்டைக் கைக்கெட்டும் இடத்தில் முன்பே வைத்துக்கொள்வேன், ஏனென்றால் சில வினாடி தாமதித்தாலும் ஜெலட்டின் முழுவதும் போய்விடுகிறது. தொட்டி மண்ணில் புதைத்துவைத்த துண்டு ஒன்றில் எமல்ஷன் பூஞ்சை பிடித்து அபாரமான கோலங்கள் வந்திருக்கின்றன. இந்தப் படத்தில் அதற்கு இடமில்லை, மழைக்காலத்தில் மேலும் பலவற்றைப் புதைக்க வேண்டும். இம்முறை ஒதுக்கிய கண்ட நடைக்கு அட்சரத்தை 20 பிரேமாகக் குறைத்தால் வழியுண்டு: மாத்திரைக்கு 4 பிரேம், சதுஸ்ரத்துக்கு 5 பிரேம், நிமிடத்துக்கு 72 அட்சரம். திஸ்ரம் அதில் வகுபடாது, ஒன்றைப் பெற ஒன்றை விட வேண்டியதுதான். மிச்சமிருக்கும் பிலிமில் ஒரு பகுதியை அதற்காக 760 மி.மீ. நீளத்தில், 40 பிரேம் துண்டுகளாக வெட்டி எண் போட்டு வைத்திருக்கிறேன்.